பிளேட்டு வாங்கச் சீட்டு எழுதிய காலம்

மாஞ்சோலையில் இருந்தவர்களுக்குத் தெரியும். ஏதாவது சாமான் வேண்டுமென்றால் கீழே இறங்குகிறவரிடம் சீட்டு எழுதிக் கொடுக்க வேண்டும். என் அப்பாவின் சீட்டில் சில மாதம் கிராமபோன் பிளேட்டின் பெயரும் இருக்கும். கடையில் நின்று கேட்டுப் பார்த்து வாங்க வழியில்லை. எதை வாங்கலாம் என்று அவருக்குச் சொன்னது பத்திரிகை விமர்சனம்தான்.

சங்கீத விமர்சனத்தைச் சாதாரண வாசகனிடம் கொண்டு வந்தவர் கல்கி. 1930களில் ஆனந்த விகடனில் 'கர்நாடகம்' என்ற புனைபெயரில் 'ஆடல் பாடல்' பகுதியை எழுதினார். சாஸ்திரம் பேசிப் பயமுறுத்தாமல், கச்சேரியில் பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி இருக்கும். பின்னால் டெல்லியிலிருந்து சுப்புடு எழுதினார். எத்தனை பெரிய வித்வானையும் விடமாட்டார்.

ஆனால் அவர்கள் பெரும்பாலும் எடைபோட்டது கச்சேரியை. பிளேட்டு வேறு சங்கதி. 78 சுழற்சிப் பிளேட்டில் ஒரு பக்கத்துக்குச் சுமார் மூன்று நிமிடம்தான். மேடையில் அரை மணி நேரம் ராகம் பாடுகிறவரும் அதற்குள் முடிக்க வேண்டும். மேடையில் புகழ் பெற்றவரின் பிளேட்டு அவசரக் கோலமாக இருப்பதும் உண்டு.

காருகுறிச்சி அருணாசலம் (1921–1964) நாகஸ்வரத்துக்கு மட்டும் அப்பா விமர்சனம் பார்த்ததில்லை. திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளையின் சிஷ்யர், நம்ம ஆற்றங்கரைக்காரர். கோயில் திருவிழாக்களில் விடிய விடியக் கேட்டவர் அப்பா. ஏன் பார்க்கவில்லை என்று கேட்டால், "காது கேட்டதுக்கு எதுக்குலே விமர்சனம்?" என்பார்.

எனக்கு அந்தத் துணிச்சல் இல்லை. 1970களில் சீட்டு எழுதும் முறை எனக்கு வந்தது. ஒரு பாடகருக்குக் குரல் போய்விட்டது என்று ஒரு விமர்சகர் எழுதினார். எழுதியிருந்த அவர் பெயரை அடித்துவிட்டேன். பல வருஷம் கழித்து, ஒரு ராத்திரி திருநெல்வேலி வானொலியில் அவருடைய பைரவியைக் கேட்டேன். குரல் கரகரப்புதான், விமர்சகர் சொன்னது பொய்யில்லை. ஆனால் அந்த நிதானத்தைப் பற்றி அவர் ஒரு வரி எழுதவில்லை. மறுநாளே அந்த இசைத்தட்டைத் தேடினேன். எந்தக் கடையிலும் இல்லை.

விமர்சனத்தை இப்போதும் விடாமல் படிக்கிறேன். நல்லது என்று எழுதியதைத் தேடிக் கேட்கிறேன். வேண்டாம் என்று எழுதியதையும் ஒரு தடவை கேட்டுவிடுகிறேன்.