தூண்டலும் படைப்பும்: எல்சா பெரெட்டியின் வாழ்க்கை

கிரேக்கர் தம் கலைகளுக்குத் தெய்வ மகளிர் ஒன்பதின்மரை வகுத்தனர். பாட விழைந்த புலவன் அவர்தம் அருளை முதற்கண் வேண்டினான். பிற்கால மேனாட்டார் அத்தெய்வப் பெயரையே, கலைஞனின் உள்ளத்தைக் கிளர்விக்கும் மகளிர்க்கும் வழங்கலாயினர். ஆடையணி உலகில் இவ்வழக்கு மிகுதி. இப்பெயர் புகழ்ச்சியே எனத் தோன்றினும், அதனுள் ஒரு குறை மறைந்து கிடக்கிறது. தூண்டுபவள் ஒருத்தி, படைப்பவன் பிறனொருவன் என்னும் பாகுபாட்டை அஃது ஆராயாமலே முடிவு செய்துவிடுகிறது. இம்முடிபு பொருந்துமா என்பதை எல்சா பெரெட்டியின் வாழ்க்கையைக் கொண்டு காண்போம்.

பெரெட்டி 1940 மே 1 இல் இத்தாலியின் புளோரன்சு நகரில் பிறந்தார். தந்தை பெர்டினாண்டோ எண்ணெய் வாணிகத்தால் பெருஞ்செல்வம் ஈட்டியவர். மகளோ குடும்பத்தாரின் விருப்பிற்கு மாறாக இல்லம் நீங்கிச் சுவிட்சர்லாந்தில் மொழி கற்பித்து வாழ்ந்தார்; பின்னர் உள்ளக அழகமைப்புக் கலையைப் பயின்றார்; 1960களில் பார்சலோனாவில் ஆடைகளை உடுத்துக் காட்டும் தொழிலை மேற்கொண்டார். 1968 இல் நியூயார்க்கு சென்றபின், ஆடை வடிவமைப்பாளர் ஹால்ஸ்டனின் நெருங்கிய நண்பரானார். அவருடைய நெடிய தோற்றம் ஹால்ஸ்டனின் ஆடைகளுக்கு உயிரூட்டிற்று. 1975 இல் ஹெல்மட் நியூட்டன் எடுத்த புகைப்படத்தால் அத்தோற்றம் உலகறிந்ததாயிற்று. இவ்வளவே நிகழ்ந்திருப்பின், அவரைத் தூண்டல் மகளிருள் ஒருவராக வைத்தெண்ணி அமையலாம்.

ஆனால், ஆடை காட்டிய காலத்திலேயே அவர் அணிகலன் படைக்கத் தொடங்கிவிட்டார் என்பது கருதத்தக்கது. 1969 இல் ஜியார்ஜியோ தி சான்ட் ஏஞ்சலோவின் ஆடைக் காட்சிக்கென, பழம்பொருட் சந்தையில் கண்ட ஒரு சிறு பூங்குடுவையை அடியொற்றி, வெள்ளியில் ஒரு பதக்கம் வடித்தார். தோல் வாரில் தொங்கிய அப்பதக்கத்தில் உண்மையாகவே ஒரு மலரைச் செருகலாம். 1971 இல் அவருக்குக் கோட்டி விருது கிடைத்தது.

அவருடைய படைப்புகளின் ஊற்று பிறர் கலையினும் தம் வாழ்க்கை நினைவிலேயே மிகுதியும் உள்ளது. உரோமில் கப்புச்சின் துறவியரின் கோயிலில், இறந்த துறவியரின் எலும்புகளால் அணிசெய்யப்பட்ட நிலவறை உண்டு. இளமையில் அங்குச் சென்ற பெரெட்டி எலும்பை எடுத்து வந்ததும், தாய் அதனைத் திருப்பியனுப்பியதும் அவரே பின்னாளில் கூறிய செய்திகள். அந்நினைவே எலும்புக் கைவளையாக உருப்பெற்றது. மணிக்கட்டின் எலும்பு மேட்டிற்கு இயைய வளைந்த அவ்வணி, வலக்கைக்கு வேறாகவும் இடக்கைக்கு வேறாகவும் செய்யப்படுவது. உடலைக் காட்சிப் பொருளாக அன்றி அளவுகோலாகக் கொண்டவரின் கைவண்ணம் அது.

1974 இல் அவர் டிஃபனி நிறுவனத்தில் சேர்ந்தார். பல்லாண்டுகளாக வெள்ளி அணிகலனைக் கைவிட்டிருந்த அந்நிறுவனம் அவரால் மீண்டும் அதனை விற்கலாயிற்று. மெல்லிய சங்கிலியில் இடையிட்டுச் சிறு வைரங்களைப் பதித்து, 'கெச அளவில் வைரம்' எனப் பொருள்படும் பெயரும் தந்தார். துணியை அளப்பது போல வைரத்தையும் அளக்கலாம் என்னும் இப்பெயர், செல்வர் விழாக்களுக்கே உரியதாயிருந்த மணியை நாள்தோறும் அணியும் பொருளாக்கிற்று.

இனி உரிமை பற்றிய வினா எழுகிறது. ஹால்ஸ்டனின் நறுமண நீருக்குத் துளி வடிவில் குப்பி அமைத்தவர் பெரெட்டியே. அதற்கு ஊதியமாக ஹால்ஸ்டன் ஒரு மென்மயிர் மேலாடையை அளித்தார் என்றும், 1978 இல் இருவரும் பிணங்கியபோது பெரெட்டி அதனைத் தீயில் எறிந்தார் என்றும் கூறுவர். இதனைச் சினத்தின் விளைவென்று மட்டும் கொள்ளல் ஆகாது. படைப்புக்குக் கூலியன்றிப் பரிசு பெறுவது தூண்டல் மகளிரின் நிலை. டிஃபனியுடனான உடன்பாடோ அதனின் வேறானது. தம் வடிவங்களின் பதிப்புரிமையையும் பெயருரிமையையும் அவர் தம்மிடமே வைத்துக்கொண்டார். 2012 இல் அவ்வுடன்பாடு புதுப்பிக்கப்பட்டபோது, நிறுவனம் அவருக்கு 4 கோடியே 70 இலட்சம் டாலருக்கு மேற்பட்ட தொகையை ஒருமுறைக் கொடையாக வழங்கிற்று. அக்காலத்தில் நிறுவனத்தின் விற்பனையில் ஏறத்தாழ 10 விழுக்காடு அவருடைய வடிவங்களால் வந்தது.

செல்வர் மகளாதலின் இஃது அவருக்கு எளிதாயிற்று எனச் சிலர் கூறலாம். தந்தையுடன் நெடுங்காலம் பிணங்கித் தம் உழைப்பால் வாழ்ந்தமையும், பெயர் நிலைபெற்றமை அப்பிணக்குத் தீருமுன்னரே என்பதும் அக்கூற்றுக்குத் தக்க விடையாகும். அதே தந்தையின் பெயரால் 2000 இல் அவர் ஓர் அறநிலையமும் நிறுவினார்.

1968 முதல் சிறிது சிறிதாகப் புதுப்பித்து வந்த சான்த் மார்த்தி வெல் என்னும் கத்தலோனியச் சிற்றூரில், 2021 மார்ச் 18 இல் பெரெட்டி மறைந்தார். தூண்டலும் படைப்பும் ஒருவரிடத்தே அமைதல் கூடும் என்பதற்கு அவர் வாழ்க்கை சான்றாகும். பிறருடைய தூண்டலாக மட்டும் குறிக்கப்பெற்ற மகளிரின் வரலாறுகளையும், அவர்தம் கைகள் செய்தவை யாவை என்னும் வினாவோடு மீண்டும் ஆராய்தல் நம் கடன்.