போருக்குப் பிந்திய சிங்கப்பூர்த் திரைப்படமும் தமிழர் நினைவும்

அயலார் பிடியிலிருந்து மீளும் நகரத்தில் உருவாகும் திரைப்படம், அந்நகரின் முதல் நினைவுப் பதிவாக அமைகிறது. 1944 சூனில் ஜெர்மானியரிடமிருந்து மீண்ட உரோமில், படச்சுருள் தட்டுப்பாட்டிற்கிடையே ரொசெல்லினி எடுத்த ‘உரோம், திறந்த நகரம்’ (1945) இதற்குத் தக்க சான்றாகும். ஆசியாவில் இதனோடு ஒப்பிடத்தக்க நகரம் சிங்கப்பூர். அங்கு எழுந்த தொடக்ககாலப் படங்களில் தமிழரின் போர்க்கால அனுபவம் பெற்ற இடம் யாது என்பதே இக்கட்டுரையின் வினா.

1942 பிப்ரவரி 15 அன்று சப்பானியரிடம் வீழ்ந்த சிங்கப்பூர், ‘சியோனான்’ எனப் பெயர் மாற்றம் பெற்றது. 1943 அக்டோபர் 21 அன்று நேதாஜி, கத்தே கட்டடத்துத் திரையரங்கில் தற்காலிக அரசை அறிவித்தார். அதே ஆண்டில், இந்திய விடுதலைப் போராட்டத்தைப் படமாக்க இயக்குநர் ஓசு சப்பானிலிருந்து அங்கு அனுப்பப்பட்டார். இந்தியரை மையமாகக் கொண்ட அப்படம் நிறைவுறவேயில்லை.

1945 செப்டம்பரில் ஆங்கிலேயர் மீண்டும் வந்தனர். 1934இல் ‘லைலா மஜ்னூன்’ படத்தை இயக்கிய பி. எஸ். ராஜ்ஹன்ஸ், போர் முடிந்த சிறிது காலத்திலேயே ‘செருவான் மெர்டேக்கா’ (விடுதலை அழைப்பு) என்னும் மலாய்ப் படத்தை உருவாக்கினார். சப்பானியரை எதிர்த்து மலாயரும் சீனரும் ஒன்றுபடுவதே அதன் கருப்பொருள். திரையரங்குகள் பெரும்பாலும் ஷா, கத்தே ஆகிய இரு நிறுவனங்களின் கையில் இருந்தமையால், அப்படம் பரவலாகத் திரையிடப்பெறாமல் வணிகத்தில் தோல்வியுற்றது. பின்னர் ஷா சகோதரர்கள் ஜாலான் அம்பாஸில் அமைத்த படப்பிடிப்பு நிலையத்திற்காக ‘சிங்கப்பூரா டி வக்து மாலம்’ (1947) படத்தை இயக்கியவரும் ராஜ்ஹன்ஸே. படம் எடுப்பதினும் அரங்கு பெறுவதே அரிதாயிருந்தது என்பது இதனால் பெறப்படும்.

இந்நிலையத்தில் இந்திய இயக்குநர் பலர் பணியாற்றினர். பி. ரம்லீயைக் கதைத்தலைவனாக்கிய ‘பக்தி’ (1950) படத்தின் இயக்குநர் எல். கிருஷ்ணன் தமிழரே. இவ்வாறு தமிழர் திரைக்குப் பின்னால் நின்றனர். ஆயின், 415 கிலோமீட்டர் நீளச் சயாம்-பர்மா இரயில்பாதையில் மாண்ட தோட்டத் தொழிலாளரின் துயர், அக்காலத் திரையின் மையத்திற்கு வரவில்லை.

அந்நினைவைச் சுமந்தது புதினமே. ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’ (1972), ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண இரயில்’ (1993) ஆகியன பல்லாண்டுகள் கழிந்தே வெளிவந்தன. எனவே, எஞ்சிய படங்களை மட்டும் கொண்டு அந்நகரின் போர்க்கால வரலாற்றை எழுதினால் தமிழர் அதில் இடம்பெறார். திரைப்படத்தையும் புதினத்தையும் இணைத்து ஆராய்வதே முறையாகும்.