வானம்பாடியின் பேரப்பிள்ளைகள்

சென்ற முறை நம் முன்னாள் மாணவர் கூடுகையைக் கொல்லிமலையில் வைத்துக்கொண்டோம் அல்லவா, அன்று சோளக்காடு சந்தையில் நடந்த ஒரு சிறு பேச்சுதான் இந்தக் கட்டுரைக்குக் காரணம். அன்னாசிப்பழம் பேரம் பேசிக்கொண்டிருந்தோம். தலைக்கு மேலே ஒரு ஹெலிகாப்டர் சேலம் பக்கமாகப் போயிற்று. சத்தத்தைக் கேட்டதுமே "சேத்தக்" என்றேன், அண்ணாந்து பார்க்காமலே. இருபது வருஷம் விமானப்படையில் என்ஜின் ஃபிட்டராக இருந்தவனுக்கு அது ஒன்றும் பெரிய வித்தை இல்லை. கூட நின்ற இரண்டாம் ஆண்டு மாணவர் ஒருவர் கேட்டார்: "சார், சேத்தக்னா நம்ம நாட்டுல செஞ்சதுதானே?"

ஆமாம் என்று சொல்ல வாய் வந்தது. சொல்லவில்லை. இல்லை என்றும் சொல்ல முடியவில்லை. "தம்பி, அது பெரிய கதை, மலருக்கு எழுதுறேன்" என்று தப்பித்துக்கொண்டேன். மலர்க்குழுவினர் அதை மறக்கவில்லை, பிடித்துக்கொண்டார்கள்.

கதை பிரான்சில் தொடங்குகிறது. இரண்டாம் உலகப்போர் முடிந்தபோது அந்த நாட்டின் விமானத் தொழில் சிதைந்து கிடந்தது. அரசுக்குச் சொந்தமான சில நிறுவனங்கள் ஹெலிகாப்டர் முயற்சியில் இறங்கின. அப்போதைய ஹெலிகாப்டர்களுக்குக் கார் என்ஜின் போல பிஸ்டன் என்ஜின்தான். கனம் அதிகம், சக்தி குறைவு. போலந்தில் பிறந்து பிரான்சில் குடியேறிய ஜோசப் ஷிட்லோவ்ஸ்கி என்பவர் 1938-ல் டர்போமெக்கா என்ற நிறுவனத்தைத் தொடங்கியிருந்தார். அவர் கொடுத்த 'ஆர்ட்டூஸ்ட்' என்ற சிறு டர்பைன் என்ஜினை வைத்து, சுட்-எஸ்ட் நிறுவனத்தார் ஒரு ஹெலிகாப்டர் கட்டினார்கள். 1955 மார்ச் 12-ல் அது பறந்தது. பெயர் அலுவெட், பிரெஞ்சு மொழியில் வானம்பாடி என்று பொருள். மூன்றே மாதத்தில், ஜூன் 6-ம் தேதி, ழான் புலே என்ற விமானி அதை 8,209 மீட்டர் உயரத்துக்கு ஏற்றி உலக சாதனை செய்தார்.

உயரம் ஏன் அவ்வளவு முக்கியம்? மேலே போகப் போகக் காற்று மெலிகிறது. ஆறாயிரம் மீட்டரில் காற்றின் அடர்த்தி கடல் மட்டத்தில் இருப்பதில் ஏறக்குறைய பாதிதான். இறக்கைகள் அள்ளித் தள்ளுவதற்கும் காற்றில்லை, என்ஜின் மூச்சு விடவும் காற்றில்லை. இரண்டு பக்கமும் அடி. அதற்குப் பிரெஞ்சுக்காரர்கள் கண்ட வழி எளிமையானது. பின்னாளில் வந்த அலுவெட் 3-ல் 870 குதிரைசக்தி தரக்கூடிய என்ஜினை வைத்து, 570-க்கு மேல் எடுக்காதபடி கட்டிப்போட்டார்கள். தரையில் அது வீண் மாதிரி தெரியும். மேலே போய் என்ஜின் இளைத்தாலும் அந்த 570 கிடைத்துக்கொண்டே இருக்கும். நம் மலையின் எழுபது கொண்டை ஊசி வளைவில் ஏறும் லாரிக்காரரைக் கேளுங்கள், கைவசம் மிச்ச சக்தி என்றால் என்ன என்று சொல்வார்.

1956 ஜூலை 3-ல் ஆல்ப்ஸ் மலையில் நாலாயிரம் மீட்டருக்கு மேலே மாரடைப்பு வந்த ஒரு மலையேறியை அலுவெட் 2 தூக்கி வந்தது. அதைப் படித்தபோது எனக்கு எங்கள் வளப்பூர் நாடு நினைவுக்கு வந்தது. அதே காலத்தில் எங்கள் மலையில் ஒருவருக்கு நெஞ்சுவலி என்றால், மூங்கிலில் போர்வையைத் தூளி கட்டி, நாலு ஆள் மாற்றி மாற்றிச் சுமந்து கீழே இறக்குவார்கள். என் தாத்தாவை அப்படித்தான் இறக்கினார்கள். அடிவாரம் சேரும் வரை அவர் தாங்கவில்லை. இது குறை சொல்வதற்காக அல்ல. இந்த இயந்திரத்தின் மேல் எனக்கு ஏன் இத்தனை பைத்தியம் என்று மனைவி கேட்பதற்கு இதுதான் பதில்.

1959-ல் அலுவெட் 3 பறந்தது. அடுத்த ஆண்டு ஜூனில் ஏழு பேரோடு மோன் பிளாங்க் சிகரத்தில் இறங்கி ஏறியது. அதே 1960-ல் நம் இமயமலைக்கு வந்து, இரண்டு விமானிகளும் 250 கிலோ சுமையுமாக 6,004 மீட்டரில் இறங்கிக் காட்டியது. வாங்க வருபவர் வீட்டு வாசலிலேயே சரக்கை விரித்துக் காட்டுவது போல! 1962-ல் நம் எச்.ஏ.எல். உரிமம் வாங்கியது. சீனப் போர் நடந்ததும் அந்த ஆண்டே. மலை எல்லையில் ஹெலிகாப்டர் இல்லாமல் முடியாது என்பதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. 1965-ல் பெங்களூரில் கோத்த முதல் இயந்திரம் பறந்தது. ராணா பிரதாப்பின் குதிரையின் பெயரை வைத்தார்கள்: சேத்தக். இப்படி 300-க்கும் மேல் செய்தோம்.

அடுத்தது எனக்கு மிகவும் பிடித்த கட்டம். 1968-ல் நம் ராணுவம் இன்னும் உயரமாகப் போகக்கூடிய ஒன்று வேண்டும் என்று கேட்டது. பிரெஞ்சு நிறுவனம் என்ன செய்தது தெரியுமா? பழைய அலுவெட் 2-இன் இலேசான உடம்பை எடுத்து, அதில் அலுவெட் 3-இன் என்ஜினையும் சுழலியையும் பொருத்திவிட்டது. மாஞ்செடியில் ஒட்டுக் கட்டுவது போலத்தான். 1969 மார்ச் 17-ல் பறந்தது. அவர்கள் வைத்த பெயர் லாமா. நாம் 1972 முதல் இங்கே செய்து வைத்த பெயர் சீட்டா. ஆக, இந்தியா கேட்டதால் பிறந்த ஐரோப்பிய ஹெலிகாப்டர் அது.

அதே 1972-ல், ஜூன் 21 அன்று, நமக்கு முன்பே அறிமுகமான ழான் புலே வேண்டாத பாகங்களைக் கழற்றி எடை குறைத்த ஒரு லாமாவை 12,442 மீட்டருக்குக் கொண்டுபோனார். ஜெட் விமானங்கள் பறக்கும் உயரம். உச்சியில் குளிரிலும் மெல்லிய காற்றிலும் என்ஜின் அணைந்துவிட்டது, மறுபடி பற்றவில்லை. இறக்கை வைத்த விதைகள் மரத்திலிருந்து சுழன்று சுழன்று இறங்குமே, அதே மாதிரி சுழலியைக் காற்றே சுழற்ற, பன்னிரண்டு கிலோமீட்டர் என்ஜின் இல்லாமலே இறங்கித் தரையில் வைத்தார். உயர சாதனையோடு, என்ஜின் நின்ற நிலையில் மிக நீண்ட இறக்கம் என்ற இன்னொரு சாதனையும் சேர்ந்து வந்தது. பயிற்சிக் காலத்தில் எங்கள் ஆசிரியர் இதைச் சொன்னபோது வகுப்பில் ஒரு சத்தம் இல்லை.

சியாச்சினில் 1984 ஏப்ரல் 13 அன்று பிலாஃபோண்ட் லா கணவாயில் நம் வீரர்களைக் கொண்டுபோய் இறக்கியது இந்தச் சீட்டாதான். அதன் பிறகு நாற்பது ஆண்டுகள் அந்தப் பனி முகாம்களுக்கு மண்ணெண்ணெயும் கடிதமும் சுமந்தது, காலில் பனிக்கடி பட்டவர்களைக் கீழே இறக்கியது, எல்லாம் அதுதான்.

இப்போது அந்த மாணவர் கேட்ட கேள்விக்கு வருகிறேன். இவற்றை நாம் செய்தோமா? செய்தோம். தகடு வெட்டியது, துளை போட்டது, திருகாணி முடுக்கியது எல்லாம் நம் ஆட்கள். வரைபடம் அவர்களுடையது. எங்கள் கையேட்டில் எந்தத் திருகாணியை எத்தனை இறுக்கம் முடுக்க வேண்டும் என்று இருக்கும். ஏன் அத்தனை, கொஞ்சம் கூடினால் என்ன ஆகும் என்று இருக்காது. சமையல் குறிப்பைப் பார்த்துச் சமைக்கிறவருக்கு அன்றைய குழம்பு நன்றாக வரும். புளி இல்லாத நாளில் கை ஓடாது. முப்பது ஆண்டுகள் நாம் அப்படித்தான் குழம்பு வைத்தோம்.

'ஏன்' என்று கேட்கத் தொடங்கியது 1984-ல். அந்த ஆண்டு எச்.ஏ.எல். ஜெர்மனியின் எம்.பி.பி. நிறுவனத்தோடு ஒப்பந்தம் செய்தது. இந்த முறை சொந்தமாக ஒன்றை வடிவமைக்கத் துணைக்கு. எம்.பி.பி.யின் பெருமை 1967-ல் பறந்த போ 105. மற்ற ஹெலிகாப்டர்களில் இறக்கை, கதவு போல, கீலில் ஆடும். இவர்கள் கீலை எடுத்துவிட்டு, இறக்கையையே மூங்கில் போல வளையும்படி இழைப் பொருளில் செய்தார்கள். அந்தத் தொழில்நுட்ப வழியில் வந்த நம் துருவ் 1992 ஆகஸ்ட் 20-ல் பறந்தது.

அதே 1992-ல் ஐரோப்பாவில் ஒரு கல்யாணம். பிரெஞ்சு நிறுவனமும் ஜெர்மன் நிறுவனமும் ஹெலிகாப்டர் பிரிவுகளை இணைத்து யூரோகாப்டர் ஆயின. பெயர்க் குழப்பம் வரும், ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறேன்: 1957-ல் சுட்-ஏவியேஷன், 1970-ல் ஏரோஸ்பாசியால், 1992-ல் யூரோகாப்டர், 2014 முதல் ஏர்பஸ் ஹெலிகாப்டர்ஸ். தலைமையிடம் மார்சேய் பக்கத்து மரிஞான். ஜெர்மனியில் டொனாவோர்ட்டில் பெரிய ஆலை. ஆக, நமக்கு முதலில் வரைபடம் கொடுத்தவரும் பிறகு பாடம் சொன்னவரும் இன்று ஒரே வீட்டுக்காரர்கள்.

துருவ் சுகமாக வளர்ந்தது என்று சொல்லமாட்டேன். படையில் சேரவே 2002 ஆயிற்று. 2025 ஜனவரியில் போர்பந்தரில் கடலோரக் காவல்படையின் துருவ் விழுந்த பிறகு மொத்தப் படையணியும் மாதக்கணக்கில் தரையில் நின்றது. சொந்தமாகச் சமைக்கிறவருக்குக் கை சுடத்தான் செய்யும்.

என்னை உறுத்துவது வேறு. பழைய சேத்தக், சீட்டாவுக்கு மாற்று தேட 2000-களின் தொடக்கத்திலேயே முனைந்தார்கள். 197 ஹெலிகாப்டர்கள். யூரோகாப்டரின் ஃபென்னெக் தேர்வாயிற்று. 2007 டிசம்பரில் ரத்து. மறுபடி டெண்டர், 2014 ஆகஸ்டில் மறுபடி ரத்து. ரஷ்யாவின் கமோவ் 226-க்கு 2015-ல் உடன்பாடு, அதுவும் நகரவில்லை. எச்.ஏ.எல்.லின் சொந்த இலகு ஹெலிகாப்டர் 2016 செப்டம்பரில் முதன்முறை பறந்தது. விமானப்படைக்கான முதல்கட்டச் சான்று 2020-ல், ராணுவத்துக்கானது 2021-ல். காகிதம் இப்படி மேசை மாறிக்கொண்டிருந்த காலமெல்லாம், ஐம்பதுகளில் பிறந்த அந்த வானம்பாடி சியாச்சினுக்குப் பறந்துகொண்டுதான் இருந்தது. விமானிகளின் மனைவியர் பாதுகாப்பு அமைச்சர் வரை போய் முறையிட்டார்கள். 2023 மார்ச் 16-ல் அருணாச்சலத்தில் பொம்டிலா அருகே ஒரு சீட்டா விழுந்து இருவர் இறந்தனர். அதில் ஒருவர் நம் தேனி மாவட்டத்துப் பிள்ளை. அந்த விபத்தின் காரணத்தை நான் இங்கே தீர்ப்புச் சொல்ல வரவில்லை. ஆனால் செய்தியைப் படித்த அன்று ஃபிட்டர் கை சும்மா இருக்கவில்லை. ராத்திரி எழுந்து உட்கார்ந்துகொண்டேன்.

2024 குடியரசு தினத்துக்குப் பிரான்ஸ் அதிபர் மக்ரோன் வந்தபோது, டாடாவும் ஏர்பஸ்ஸும் சேர்ந்து எச்125 ஹெலிகாப்டரை இங்கே கோக்கப்போவதாக அறிவித்தார்கள். கர்நாடகத்தின் கோலார் மாவட்டத்து வேமகல் அதற்கான இடம். எச்125 யார் தெரியுமா? 1974-ல் பறந்த 'எக்குரெய்' என்ற அணிலின் வழி வந்தது. அந்த அணில்தான் 2005 மே 14-ல் எவரெஸ்ட் உச்சியிலேயே இறங்கியது. ஓட்டியவர் திதியே தெல்சால். மலைக்காக இயந்திரம் செய்யும் அந்த வீட்டுப் பழக்கம் விடவில்லை பாருங்கள். எச்.ஏ.எல்.லின் புது ஹெலிகாப்டர் ஆலை தும்கூரில் 2023 பிப்ரவரியில் திறக்கப்பட்டுவிட்டது. இரண்டு ஆலையும் ஒரே மாநிலத்தில். ஒன்றில் நாம் வடிவமைத்தது, மற்றதில் அவர்கள் வடிவமைத்தது. நம் இலகு ஹெலிகாப்டரின் 'சக்தி' என்ஜினுமே ஷிட்லோவ்ஸ்கி தொடங்கிய அதே டர்போமெக்காவும் நாமும் சேர்ந்து உருவாக்கியது. எங்கே கோடு போட்டுப் பிரிப்பீர்கள்?

சேலமும் ஓசூரும் பாதுகாப்புத் தொழில் வழித்தடத்தில் இருப்பதால் நம் மாணவர்கள் சிலராவது இந்தப் பட்டறைகளுக்குள் போவார்கள். போகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: இறுக்கத்தின் அளவைக் குறித்துக்கொள்ளும்போது பக்கத்தில் ஒரு கேள்விக்குறியும் போட்டு வையுங்கள், பதில் தெரிகிறவரை.

சோளக்காட்டில் அந்த மாணவர் இன்னொன்றும் கேட்டார். "சார், அது நம்ம செம்மேட்டுல எறங்குமா?" அதற்கு மட்டும் உடனே பதில் சொன்னேன். ஆயிரத்துச் சொச்சம் மீட்டர். காற்று பத்தில் ஒரு பங்குதான் குறைவு. ஆறாயிரத்தில் இறங்கினதுக்கு இது வாசற்படி. "அப்ப ஏன் சார் இன்னும் எறங்கல?" என்றார். அதற்குள் வண்டிக்காரர் ஹார்ன் அடித்துவிட்டார். முதல் வளைவு திரும்பும்போது எதிரே ஒரு 108 ஆம்புலன்ஸ் மேலே ஏறிக்கொண்டிருந்தது; ஓரம் கட்டி வழி விட்டோம்.