சாமி பேசும் கடற்கரை

மாமல்லபுரத்தில் ஐந்து ரதங்களைப் பார்க்கப் போகிறவர்கள், அங்கே இருக்கும் கல் யானை பக்கத்தில் நின்று போட்டோ எடுத்துக்கொள்ளத் தவறுவதில்லை. ஆனால், குடிசை மாதிரி சின்னதாக நிற்கிற திரௌபதி ரதத்துக்குள் எட்டிப் பார்ப்பவர்கள் குறைவு!

உள்ளே பின்சுவரில் கொற்றவை நிற்கிறாள். அவள் காலடியில் இரண்டு பேர் மண்டியிட்டிருக்கிறார்கள். ஒருவன் ஒரு கையால் தன் தலைமுடியைக் கொத்தாகப் பிடித்திருக்கிறான். இன்னொரு கையில் வாள். ஏதோ முடி காணிக்கை போலிருக்கிறது என்று நினைத்து நகர்ந்துவிடாதீர்கள். அவன் கொடுக்கப்போவது முடியை அல்ல, தலையை!

சிற்பியின் கற்பனை என்று தள்ளிவிடவும் முடியாது. நெல்லூருக்குத் தெற்கே மல்லம் என்ற ஊரில், பல்லவ மன்னன் கம்பவர்மனின் 20-வது ஆட்சி ஆண்டைச் சேர்ந்த ஒரு கல்வெட்டு இருக்கிறது. 9-ம் நூற்றாண்டு. ஒருவன் தன் உடம்பில் ஒன்பது இடங்களில் சதையை அரிந்து பிடாரிக்குக் கொடுத்து, கடைசியில் தலையையும் அறுத்துப் பீடத்தில் வைத்தான் என்கிறது அது. இதற்கு ‘நவகண்டம்’ என்று பெயர். ஊரார் அதற்காக நிலம் கொடுத்த விவரமும் கல்வெட்டில் இருக்கிறது. கத்தி சதையில் இறங்கும்போது கை நடுங்காமல் இருக்க வேண்டுமானால், அந்த மனிதன் நம்மைப் போன்ற மனநிலையில் இருந்திருக்க முடியுமா? அருள், மருள், வெறி, ஆவேசம்... நம் மொழியில் இதற்குத்தான் எத்தனை வார்த்தைகள்!

இதில் ஒரு வேடிக்கை. ரதங்கள் மாமல்லன் நரசிம்மவர்மன் காலத்தவை என்பது பெரும்பாலோர் கருத்து. அவனுடைய அப்பா மகேந்திரவர்மனோ, தன்னை மறந்த பக்தர்களை வைத்துக் காமெடி நாடகமே எழுதியவர்! ‘மத்தவிலாசம்’ என்ற அந்த சம்ஸ்கிருத நாடகம் 1917-ல் திருவனந்தபுரத்தில் கணபதி சாஸ்திரியால் பதிப்பிக்கப்பட்டது. கதை காஞ்சிபுரத்தில் நடக்கிறது. சத்தியசோமன் என்ற காபாலிகன், காதலி தேவசோமையோடு தள்ளாடியபடி வருகிறான். போதையில் காதலியின் பெயரையே மாற்றிக் கூப்பிட்டு மாட்டிக்கொள்கிறான். கள்ளுக்கடையைப் பார்த்தால் அவனுக்கு யாகசாலை மாதிரி தெரிகிறது! நடுவில் பிச்சை வாங்கும் கபாலம் காணாமல் போக, ஒரு புத்த பிக்ஷு மீது பழி விழுகிறது. (எடுத்துக்கொண்டு போனது ஒரு நாய். கபாலத்தில் வறுத்த கறி இருந்தது!) கடைசியில் நாயிடமிருந்து அதை மீட்டு வைத்திருப்பது யார் தெரியுமா? ஒரு பைத்தியக்காரன். நாடகத்தில் இருக்கிறவர்களிலேயே உருப்படியாக ஒரு காரியம் செய்தவன் அவன் ஒருவன்தான்.

அப்பா சிரித்தார், மகன் காலத்தில் கொற்றவைக்குத் தலை கொடுக்கிறவனைக் கல்லில் செதுக்கினார்கள். அப்படியானால், தன்னை மறந்தவனைப் பார்த்துச் சிரிப்பதா, கும்பிடுவதா? தமிழ் இலக்கியம் ரெண்டையும் செய்திருக்கிறது. சங்கப் பாடல்களில், காதல் ஏக்கத்தில் மெலிந்துபோன மகளுக்கு என்ன நோய் என்று தெரியாமல் தாய் வேலனை வரவழைப்பாள். அவன் முருகன் ஏறி வெறியாடி, ‘இது முருகனால் வந்தது’ என்பான். உண்மைக் காரணம் தெரிந்த தோழிக்குச் சிரிப்புதான் வரும்! ஆனால் சிலப்பதிகாரத்தில் வேறு மாதிரி. கோவலனும் கண்ணகியும் மதுரைக்குப் போகிற வழியில் வேட்டுவர்கள் குடியிருப்பு. அங்கே சாலினி என்ற பெண் மீது கொற்றவை இறங்குகிறாள். ‘என் காணிக்கையைக் கொடுக்காமல் வளத்தை இழந்துவிட்டீர்களே’ என்று தன் ஜனங்களைக் கண்டிக்கிறாள். பிறகு கண்ணகியைப் பார்த்து, இவள் உலகத்துக்கே மணி போன்றவள் என்கிறாள். கண்ணகி என்ன செய்தாள்? இந்தம்மா ஏதோ மயக்கத்தில் உளறுகிறாள் என்று வெட்கப்பட்டுக் கணவன் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள்! உளறல் பலித்தது என்பது நமக்குத் தெரியும்.

சாலினி ஒரு காட்டுப் பெண். சாதாரண நாளில் அவள் வாயைத் திறந்திருந்தால் வழிப்போக்கர்கள் நின்று கேட்டிருப்பார்களா?

அமெரிக்க மானுடவியலாளர் எரிக்கா போர்கிஞான் உலகம் முழுக்க 488 சமூகங்களைப் பற்றிய குறிப்புகளைப் புரட்டினார். 437-ல் இப்படித் தன்னிலை மறப்பது ஒரு வழக்கமாகவே இருந்தது. ஐ.எம்.லூயிஸ் என்ற பிரிட்டிஷ்காரர் சோமாலியாவில் பார்த்தது இன்னும் சுவாரஸ்யம். அங்கே மனைவி மீது ‘சார்’ என்ற ஆவி ஏறும். அது புதுத் துணி கேட்கும், அத்தர் கேட்கும், நல்ல சாப்பாடு கேட்கும்! ‘எல்லாம் நடிப்பு’ என்று கணவன்மார்கள் முணுமுணுப்பார்கள். ஆனாலும் வாங்கித்தான் கொடுக்க வேண்டும். நேராகக் கேட்டால் கிடைக்காதவர்கள் மீதுதான் இந்த மாதிரி ஆவிகள் அதிகம் ஏறுகின்றன என்று 1971-ல் வெளிவந்த தன் புத்தகத்தில் எழுதினார் லூயிஸ். நடிப்பு என்று அவர் ஒதுக்கிவிடவில்லை. பட்டினி, தூக்கமில்லாத ராத்திரி, விடாமல் அடிக்கிற பறை, சுற்றி நிற்பவர்களின் எதிர்பார்ப்பு... இத்தனையும் சேர்ந்தால் மனித உடம்பு நிஜமாகவே வேறு ஒன்றாகத்தான் ஆகிவிடுகிறது.

இதை நேரில் பார்க்க சோமாலியாவுக்குப் போக வேண்டியதில்லை. மாசி மகத்துப் பௌர்ணமிக்கு மாமல்லபுரம் போனால் போதும். செங்கல்பட்டு, காஞ்சிபுரம், திருவள்ளூர், விழுப்புரம் பக்கத்து இருளர்கள் குடும்பம் குடும்பமாக வந்து, கம்பு நட்டுப் புடவையைக் கட்டிக் கூடாரம் போட்டு, கடல் மணலில் ராத்திரி தங்குவார்கள். பாம்பும் எலியும் பிடித்துப் பிழைத்தவர்கள். வனவிலங்குச் சட்டம் 1972-ல் வந்த பிறகு பாம்புத் தோல் வியாபாரம் ஒழிந்து, அந்தப் பிழைப்பு படுத்தது. 1978-ல் பாம்பு விஷம் எடுக்கும் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியதில் சிலருக்கு வழி பிறந்தது. அதைச் சேர்ந்த வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023-ல் பத்மஸ்ரீ கிடைத்தது. அந்த அதிர்ஷ்டம் இல்லாத எத்தனையோ பேர் முன்பணத்துக்குக் கட்டுப்பட்டு செங்கல் சூளையிலும் அரிசி ஆலையிலும் கொத்தடிமைகளாகக் கிடந்திருக்கிறார்கள்.

அவர்களுடைய கன்னியம்மன் ஒருமுறை கோபித்துக்கொண்டு கடலுக்குள் போய்விட்டாளாம். மாசிப் பௌர்ணமியன்றுதான் சமாதானமாகிக் கரையேறுவாள். விடியற்காலையில் ஈர மணலில் ஏழு படி கட்டி, பூ வைத்து, கற்பூரம் ஏற்றுவார்கள். கூப்பிடு தூரத்தில் ராஜசிம்மன் கட்டிய கடற்கரைக் கோயில். இவர்களுக்கு அது வேண்டாம். மணலே கோயில், தங்களில் ஒருவரே பூசாரி. அங்கேயே பெண் பார்க்கிறார்கள், கல்யாணம் முடிக்கிறார்கள், குழந்தைக்கு மொட்டை போட்டுக் காது குத்துகிறார்கள்.

நடுவில் ஒரு பெரியவருக்கு உடம்பு உதறும். ‘ஆத்தா வந்துட்டா!’ என்று சத்தம் எழும். அதுவரை எல்லாரிடமும் குனிந்து பேசியவர், இப்போது யாராக இருந்தாலும் ஒருமைதான். ‘என்னடா குறை உனக்கு?’ எதிரே நிற்பவர்கள் அந்த ஆம்பளையைப் பார்த்துக் கைகூப்பி, ‘நீதான் சொல்லணும் தாயே’ என்பார்கள். பிள்ளைக்கு உடம்பு சரியில்லை, கடன் அடையவில்லை, போன மகன் வரவில்லை... எல்லாவற்றுக்கும் அவர் வாயிலிருந்து பதில் வரும். கொஞ்ச நேரம்தான். பிறகு மணலில் சாய்ந்துவிடுவார். யாராவது தண்ணீர் கொடுப்பார்கள்.

வெயில் ஏறியதும் புடவைகளைச் சுருட்டிக்கொண்டு கூட்டம் பஸ் ஸ்டாண்டுக்கு நடக்கும். அந்தப் பெரியவரும் தோளில் மூட்டையோடு அதில்தான் இருப்பார். கண்டக்டர், ‘வழியில நிக்காதய்யா, உள்ளே போ’ என்று அதட்டினால் பேசாமல் நகர்ந்துகொள்வார்.