மேற்றிசை சென்ற வண்டித்தொடர்கள்

1843ஆம் ஆண்டில் ஏறத்தாழ ஆயிரம் மக்கள், ஐக்கிய அமெரிக்காவின் மிசூரி மாநிலத்திலிருந்து ஒறிகன் நோக்கிக் குடும்பங் குடும்பமாகப் புறப்பட்டனர். 2,000 மைல் அளவு நீண்ட அவ்வழியை எருதுகள் பூட்டிய கூடார வண்டிகள் கடக்க ஏறக்குறைய ஐந்து மாதங்கள் சென்றன. மாவும் உப்பிட்ட இறைச்சியும் கருவிகளும் வண்டியை நிறைத்தமையால், பெண்களும் சிறுவரும் பெரும்பாலும் நடந்தே சென்றனர். 1849ஆம் ஆண்டின் பின் இவ்வழியில் மிகுதியானோரைக் கொன்றது செவ்விந்தியரின் அம்பன்று; வாந்திபேதியே.

சட்டமும் குடும்பத்தையே சிறப்பாக மதித்தது. 1850ஆம் ஆண்டுச் சட்டம், அதுகாறும் ஆங்கே குடியேறியிருந்த வெள்ளையருள் மணமாகாத ஆடவனுக்கு 320 ஏக்கரும், மணம் புரிந்தோர்க்கு 640 ஏக்கரும் வழங்கிற்று. இதிற் பாதி மனைவிக்கே உரியது. பெண்டிர் சொத்துரிமை வரலாற்றில் இஃது ஒரு முன்னேற்றமே. ஆயினும், அம்மண்ணின் பூர்வீக குடிகளோடு உடன்படிக்கை நிறைவேறுமுன்னரே நிலம் பங்கிடப்பட்டது. முன்னோடிகளின் துணிவைப் போற்றும் வரலாற்றாசிரியன், அவர்கள் பெற்ற நிலம் பிறர் இழந்த நிலம் என்பதையும் எழுதக் கடமைப்பட்டவன்.