மருந்து மாறினால் பொறுப்பு யாருடையது?

அமெரிக்காவின் நாஷ்வில் நகரில் உள்ள வாண்டர்பில்ட் பல்கலைக்கழக மருத்துவ மையத்தில், 2017ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் தேதி, 75 வயதுப் பெண் ஒருவர் ஸ்கேன் பரிசோதனைக்காகக் காத்திருந்தார். அவரது பதற்றத்தைத் தணிக்க ஒரு மருந்து கொடுக்குமாறு மருத்துவர் எழுதியிருந்தார். ஆனால் அவருக்குச் செலுத்தப்பட்டதோ, தசைகளைச் செயலிழக்கச் செய்து மூச்சை நிறுத்திவிடும் வேறொரு மருந்து. மறுநாள் அவர் உயிரிழந்தார்.

மருந்தைச் செலுத்திய தாதி தன் தவறை மறைக்கவில்லை. எனினும் 2021இல் அவரது தொழில் உரிமம் பறிக்கப்பட்டது. 2022 மார்ச்சில், அலட்சியத்தால் மரணம் விளைவித்தவர் என்று நீதிமன்றம் அவரைக் குற்றவாளியாகக் கண்டது. மூன்று ஆண்டுகள் நன்னடத்தைக் கண்காணிப்பில் இருக்குமாறு அதே ஆண்டு மே மாதம் தண்டனை விதிக்கப்பட்டது.

மருந்து கொடுப்பதில் நேரும் தவறு ஒரு தனிநபரின் குற்றமா, அல்லது மருத்துவமனை நடைமுறையின் கோளாறா என்ற விவாதத்தை இவ்வழக்கு உலகெங்கும் உள்ள தாதியர் மத்தியில் கூர்மைப்படுத்தியது.

தவறு நேர்ந்த விதம்

கொடுக்கப்பட வேண்டிய மருந்தின் வணிகப் பெயர் வெர்செட். கணினியால் இயங்கும் மருந்துப் பெட்டகத்தில் அது மிடசோலம் என்ற அதன் பொதுப் பெயரில் இருந்தது. வணிகப் பெயரின் முதல் இரண்டு எழுத்துகளைத் தட்டிய தாதிக்கு அது கிடைக்கவில்லை. அவர் பெட்டகத்தின் கட்டுப்பாட்டை மீறித் திறக்கும் வசதியைப் பயன்படுத்தினார். அதே இரண்டு எழுத்துகளில் தொடங்கும் வெக்குரோனியம் கையில் வந்தது.

அந்தக் குப்பியின் மூடியிலேயே எச்சரிக்கை அச்சிடப்பட்டிருந்தது என்றும், திரவமாக இருக்க வேண்டிய மருந்து தூளாக இருந்ததை அவர் கவனித்திருக்க வேண்டும் என்றும் அரசுத் தரப்பு வாதிட்டது. கட்டுப்பாட்டை மீறித் திறப்பது அக்காலத்தில் அங்கு அன்றாட வழக்கமாக இருந்தது என்றது தாதி தரப்பு. மருந்தையும் நோயாளியையும் ஒப்பிட்டுப் பார்க்கும் பார்கோடு கருவி ஸ்கேன் பிரிவில் இருக்கவில்லை. மருத்துவமனை மீது குற்றவழக்கு எதுவும் தொடரப்படவில்லை.

ஒரே தவறு, இரண்டு நகரங்கள்

சரியான நோயாளி, சரியான மருந்து, சரியான அளவு, சரியான வழி, சரியான நேரம் என்ற ஐந்து விதிகள் தாதியர் பயிற்சியில் காலங்காலமாகக் கற்பிக்கப்படுகின்றன. ஆனால் ஒலியில் ஒத்த பெயர்கள், தோற்றத்தில் ஒத்த குப்பிகள், தெளிவற்ற கையெழுத்து, பணியிடையே வரும் அழைப்புகள், நீண்ட பணிநேரம், ஆட்பற்றாக்குறை ஆகியவை இந்த விதிகளைத் தோற்கடிக்கின்றன.

2006இல் இண்டியானாபொலிஸ் நகர மருத்துவமனை ஒன்றில், பச்சிளங்குழந்தைகளுக்கு இரத்தம் உறைவதைத் தடுக்கும் ஹெப்பாரின் மருந்து பன்மடங்கு செறிவில் செலுத்தப்பட்டு மூவர் இறந்தனர். அடுத்த ஆண்டே லாஸ் ஏஞ்சலஸில், நடிகர் டென்னிஸ் குவெய்டின் இரட்டைக் குழந்தைகளுக்கு, மில்லிலிட்டருக்கு 10 யூனிட் கொண்ட குப்பிக்குப் பதிலாக 10,000 யூனிட் கொண்ட குப்பியிலிருந்து மருந்து செலுத்தப்பட்டது. குழந்தைகள் உயிர் பிழைத்தன. இரண்டு வகைக் குப்பிகளின் தோற்றமும் ஒத்திருந்ததே குழப்பத்துக்கு முக்கியக் காரணமாகக் கூறப்பட்டது. வெவ்வேறு கைகள் ஒரே தவறைச் செய்யும்போது, கோளாறு கைகளில் மட்டும் இருப்பதாகக் கொள்ள முடியாது.

பாதுகாப்பு அரண்கள் ஒவ்வொன்றும் துளைகள் கொண்ட பாலாடைக்கட்டித் துண்டைப் போன்றவை என்று பிரிட்டிஷ் உளவியலாளர் ஜேம்ஸ் ரீசன் விளக்கினார். எல்லாத் துளைகளும் ஒரே கோட்டில் அமையும்போதுதான் விபத்து நேர்கிறது.

தடுக்கும் வழிகள்

எனவே கவனமாக இருங்கள் என்று அறிவுறுத்துவதைவிட, தவறு செய்வதையே கடினமாக்குவது பயன் தரும் என்பது நிபுணர்களின் கருத்து. நேரடியாகச் செலுத்தினால் இதயத்தை நிறுத்திவிடக்கூடிய செறிவுமிக்க பொட்டாசியம் குளோரைடை பொது வார்டுகளிலிருந்து அகற்றுமாறு பிரிட்டனில் 2002இல் அறிவுறுத்தப்பட்டது. கையருகே இல்லாத மருந்தைத் தவறுதலாக எடுக்க இயலாது.

பெட்டகத்தில் மருந்தின் பெயரில் குறைந்தது ஐந்து எழுத்துகளைத் தட்டச் செய்வது, இன்சுலின், ஹெப்பாரின் போன்றவற்றை இரண்டாவது தாதி தனியாகச் சரிபார்ப்பது, நோயாளியின் படுக்கையருகே பார்கோடு சோதனை செய்வது ஆகியவையும் பரிந்துரைக்கப்படுகின்றன. ஆயினும் ஆட்கள் போதாத வார்டில் இரண்டாவது சரிபார்ப்பு வெறும் கையெழுத்தாகச் சுருங்கிவிடும் ஆபத்து உண்டு.

தண்டனை அச்சம் தவறுகளை மறைக்கத் தூண்டும் என்றும், மறைக்கப்பட்ட தவறிலிருந்து எவரும் பாடம் கற்க முடியாது என்றும் தாதியர் அமைப்புகள் கூறுகின்றன. அமெரிக்காவின் கென்டக்கி மாநிலம் 2024இல், மருத்துவப் பணியாளர்களின் தவறுகளுக்குக் குற்றவழக்கிலிருந்து பாதுகாப்பளிக்கும் சட்டத்தை இயற்றியது. கடும் அலட்சியத்துக்கும் வேண்டுமென்றே இழைக்கப்படும் தீங்குக்கும் அது பொருந்தாது. உறவினரை இழந்த குடும்பங்கள் கேட்கும் நீதிக்கும் தவறுகள் வெளிவர வேண்டிய தேவைக்கும் இடையிலான எல்லையைச் சட்டம் இவ்வாறு வகுக்க முயல்கிறது.

நோயாளிகளும் உறவினர்களும் கூட ஓர் அரணாக இருக்கலாம். உட்கொள்ளும் மருந்துகளின் பட்டியலையும் ஒவ்வாமை விவரத்தையும் கையில் வைத்திருப்பதும், கொடுக்கப்படும் மருந்தின் பெயரையும் நோக்கத்தையும் கேட்பதும் அவர்களின் உரிமை. புலம்பெயர்ந்த நாட்டின் மொழி அறியாத முதியோருக்கு மொழிபெயர்ப்பாளரைக் கோருவதும் இந்தப் பாதுகாப்பின் ஒரு பகுதியே.