மிளகுத்தண்ணி சூப்

மிளகுத்தண்ணி சூப், தமிழ்நாட்டு ரசத்திலிருந்து ஆங்கிலேயர் காலத்தில் உருவான சூப் வகை. ஆங்கிலத்தில் ‘முலிகடானி’ எனப்படுகிறது. 1886-ல் வெளிவந்த ஹாப்சன்-ஜாப்சன் அகராதி, ‘மிளகுத் தண்ணீர்’ என்ற தமிழ்ச் சொல்லே இப்பெயரின் மூலம் எனக் குறிப்பிடுகிறது. ஹைதர் அலியின் சிறையில் இருந்த ஆங்கிலக் கடற்படையினர் ஒருவர் மிளகுத்தண்ணியோ கஞ்சியோ உண்டதைப் பாடிய 1784-ஆம் ஆண்டுப் பாடலை அது சான்றாகக் காட்டுகிறது.

ரசம் சூப்பாக மாறியதற்கு உணவு பரிமாறும் முறை முக்கியக் காரணம். தமிழர் சாப்பாட்டில் ரசம் சோற்றில் பிசைந்து உண்ணப்படுவது. ஆங்கிலேயரின் விருந்து தனியாகக் குடிக்கும் சூப்புடன் தொடங்குவது. அதற்கேற்ப ரசம் கெட்டியாக்கப்பட்டது. வெங்காயத்தைப் பொன்னிறமாக வதக்கி, மசாலா சேர்த்து, இறைச்சி வேகவைத்த சாற்றை ஊற்றி, மாவு கரைத்துவிட்டனர். வதக்கிய வெங்காயமும் இறைச்சிச் சாறுமே பிரெஞ்சு வெங்காய சூப்புக்கும் அடிப்படை. அதன்மேல் ரொட்டியும் சீஸும் இடுவார்கள். மிளகுத்தண்ணி சூப்புடன் சோறும் எலுமிச்சையும் தொடர்ந்தன.

கென்னி-ஹெர்பர்ட் ‘வைவர்ன்’ என்ற புனைபெயரில் 1878-ல் சென்னையில் வெளியிட்ட சமையல் நூல் இந்த சூப்பை விரிவாகப் பேசுகிறது. 1880-ஐ ஒட்டி, தங்கம் தேடி ஆங்கிலேயர் நீலகிரியின் பந்தலூர்ப் பகுதிக்குத் திரண்டபோது, இது சென்னை மாகாணத்து ஆங்கிலேயரின் அடையாள உணவாகியிருந்தது. ‘முல்’ என்பது அவர்களுடைய பட்டப்பெயர்.

ரசத்தை சூப்பாக்கிய தமிழ்ச் சமையற்காரர்களின் பெயர்கள் பதிவாகவில்லை. அவர்கள் வழங்கிய தமிழ்ப் பெயர் உலகெங்கும் சமையல் நூல்களில் உள்ளது.